முறைமைத் தொடைப்பிரிவு

பத்தாம் தரக் கணிதம், நூற்று நாற்பத்தோராம் பக்கம்.
கிராண்ட்பாஸ் அச்சகத்தில், காற்றைவிடச் சத்தம் அதிகம் தரும்
மின்விசிறியின் கீழ்
ஒப்புநோக்கிக்கொண்டிருக்கிறேன்.
எழுத்துரு மாற்றியபோது
குறிகளின் கீழிருந்த கோடுகள் எல்லாம்
உதிர்ந்துபோயின.

சரிந்து கிடக்கும் கிண்ணம் மட்டும் என்றால்
உள்ளே இருக்கிறது, சமனில்லை.
கிண்ணத்தின் கீழே ஒரு கோடு என்றால்
உள்ளே இருக்கிறது, சமனாகவும் இருக்கலாம்.
அந்த ‘லாம்’தான் கோடு.

மனோரி சிங்களப் பக்கங்களைப் பார்க்கிறாள்.
“சிலர் கோடில்லாமலே அப்படி எழுதுவாங்க, விடுங்க” என்கிறாள்.
உண்மைதான்.
ஒரு நூலில் வெறுங்கிண்ணம் சமனையும் ஏந்தும்,
அடுத்த நூலில் ஏந்தாது.
எது எதுவென்று முன்னுரையில் சொல்லியிருப்பார்கள்.
பரீட்சை மண்டபத்துக்குள்
முன்னுரையை யார் கொண்டுபோவது?

தொடை என்ற சொல்லுக்கு
எந்த வகுப்பிலும் நான்கு பையன்களாவது சிரிப்பார்கள்.
பூத் தொடுத்தாலும் தொடை,
எதுகை மோனையும் தொடை,
சிதறிக் கிடந்தவற்றை ஒரு நாரில் கோப்பது
என்று ஓரத்தில் பென்சிலால் எழுதிப் பிறகு அழித்தேன்,
அது என் வேலையில்லை.
மனோரியின் பக்கத்தில் அதே இடத்தில் ‘குலகய’.
எனக்கு அதில் குலம் கேட்கிறது.
அவளுக்குக் கேட்கவில்லையாம்.

வரைவிலக்கணத்தில்தான் நெடுநேரம் நின்றேன்.
முழுவதிலும் ஒரு மூலகமாவது
தன்னிடம் இல்லாதிருந்தால்தான்
அது முறைமைத் தொடைப்பிரிவு.
எந்த முறைமை இது!
முழுதாய் இருந்தால் முறைகேடா?
குறைந்து நிற்பதற்கு
இவ்வளவு மரியாதையான பெயரை
எந்தக் குழு கூடி வைத்தது?
தேநீர் குடித்தபடி வைத்திருப்பார்கள்.

வெள்ளவத்தையில் நான் இருப்பது
ஜெசுரட்ணம் வீட்டுப் பின்பக்க அனெக்ஸ்.
நான் வேறு,
நான் மட்டும் இருக்கும் அறை வேறு;
கணிதம் இதில் கறாரானது.
நான் ஒரு மூலகம்.
இரட்டை அடைப்புக்குள் என்னை வைத்துப் பூட்டினால்
நான் ஒரு தொடை.
போன மாதம் பொலிஸ் படிவம் வந்தது,
வீட்டில் இருப்போர் விபரம், ஆறு வரிகள்.
ஒன்றை நிரப்பினேன்.
மீதி ஐந்தையும் ஒரே இழுப்பில்
குறுக்கே கோடு போட்டு மூடினார் கான்ஸ்டபிள்.
பிறகு பெயர் சேர்க்க முடியாதாம்.

சூனியத்தொடை
எல்லாத் தொடைக்கும் தொடைப்பிரிவு.
மறுக்க வேண்டுமானால்
அதிலிருக்கும் ஒருவரைக் காட்டி
இவர் அங்கே இல்லை என்று சொல்ல வேண்டும்.
காட்ட ஆளில்லை.
ஆகவே உண்மை.
இந்த நான்கு வரியில் பிழை ஒன்றுமில்லை,
ஆனாலும் மூன்று தரம் வாசித்தேன்.

அறுபத்து மூன்று கோடுகள்.
சிவப்புப் பேனாவால் ஒவ்வொன்றாய் இட்டேன்.
எந்தத் தொடையும் தனக்குத்தானே தொடைப்பிரிவு
என்ற வரிக்கு மட்டும்
கொஞ்சம் அழுத்தி.
கோடில்லாவிட்டால் அந்த வரி பொய்,
ஒன்றும் தன்னுள்ளேயே அடங்காது போய்விடும்.
பதினெட்டாம் பயிற்சியில்
வெள்ளவத்தையில் வசிப்போர், கொழும்பில் வசிப்போர்,
நடுவே வெறும் பெட்டி.
அங்கே கோடு தேவையில்லை என்று
விடைப் பக்கம் சொல்கிறது. சரிதான்.

ஆறரைக்குக் கோட்டையில் நூறாம் இலக்க பஸ்.
மிதிபலகையில் ஒரு கால்,
மற்றது எங்கே என்று எனக்கே தெரியவில்லை.
என் பைக்குள் அச்சுப்படி,
அதற்குள் கிண்ணங்கள்,
பிறர் முழங்கை என் விலாவில்.
கொண்டக்டர் முதலில் சிங்களத்தில் கத்தினார்,
பிறகு என் முகத்தைப் பார்த்துத் தமிழில்:
“உள்ளுக்குப் போங்க, உள்ளுக்குப் போங்க,
இடமிருக்கு.”